ஒன்பதாவது டேக்

ஒரு படம் பிடித்திருக்கிறதா என்று பார்த்தவர்களையே கேட்டால் பாதி நேரம் பொய்தான் வரும். அரங்கை விட்டு வெளியே வருபவரிடம் காகிதத்தை நீட்டினால், "நல்லா இருந்துச்சு" என்று எழுதிக் கொடுத்துவிட்டு வண்டிச் சாவியைத் தேடுவார். நான் அந்தக் காகிதங்களைப் படிப்பதில்லை. இருமலை எண்ணுவேன்.

சலிப்பு முதலில் தெரிவது தொண்டைக்குத்தான். மனம் கதையில் இருக்கும்வரை தொண்டையில் எது உறுத்தினாலும் ஆள் அடக்கிக்கொள்வார். கதை கையை விட்ட அடுத்த கணம் அந்த உறுத்தல் ஞாபகம் வந்துவிடும். அதனால், வெளியீட்டுக்கு முன் சிலரைக் கூட்டிப் படத்தைப் போட்டுக் காட்டும் முன்னோட்டக் காட்சிகளில் நான் திரையைப் பார்த்து உட்காருவதில்லை. முன்வரிசை ஓரத்தில், திரைக்கு முதுகைக் காட்டி, ஆட்களைப் பார்த்தபடி உட்காருவேன். மடியில் ஒரு நோட்டு. எந்த நிமிடத்தில் யார் இருமினார், யார் நாற்காலியில் நெளிந்தார், யார் கைபேசியில் மணி பார்த்தார் என்று குறித்துக்கொள்வேன். படத்தொகுப்பாளராக இருபது வருடம் ஆகிறது. இந்தக் கணக்கு என்னைக் கைவிட்டதே இல்லை.

அன்று அரங்கில் நாற்பது பேர். படம் ஓர் ஆசிரியையைப் பற்றியது. எழுபத்திரண்டாவது நிமிடத்தில் அவர் வகுப்பின் நடுவில் நின்று, தலை நிமிர்ந்து வாழ்வது எப்படி என்று பேசுகிறார். வயலின்கள் பின்னாலிருந்து தள்ளுகின்றன. அந்த இரண்டு நிமிடத்தில் பதினேழு இருமல். நெஞ்சுச்சளி ஆஸ்பத்திரியில் உட்கார்ந்திருப்பது போல இருந்தது.

மற்றப் படங்களில் இப்படி நடந்தால் எங்கே வெட்டலாம் என்று யோசிப்பேன், அவ்வளவுதான். இது அப்படி இல்லை. திரையில் பேசிக்கொண்டிருந்தது ஒரு நடிகை. ஆனால் அந்த ஆசிரியை என் அம்மா.

அம்மா முப்பத்து நான்கு வருடம் ஒரே பள்ளியில் அறிவியல் சொல்லிக்கொடுத்தவள். ஊரில் பாதிப் பேர் அவளிடம் படித்தவர்கள். என்னை மட்டும் அவள் அந்தப் பள்ளியில் சேர்க்கவில்லை.

"நீ அங்க உக்காந்திருந்தா என் கண்ணு உன்கிட்டயே போகும். போகக் கூடாதுன்னு நினைச்சா உன்னை விட்டே ஓடும். ரெண்டும் மத்த பிள்ளைங்களுக்கும் நியாயமில்ல, உனக்கும் நியாயமில்ல" என்றாள்.

நியாயம்தான். மறுத்துப் பேச ஒன்றும் இல்லை. நான் தினமும் இரண்டு பஸ் மாறி வேறொரு பள்ளிக்குப் போய்வந்தேன். ஆனால் பாங்கில், பல் டாக்டரிடம், செருப்புக் கடையில், எங்கே போனாலும் ஒருவர் என் முகத்தை உற்றுப் பார்த்துவிட்டு, "நீங்க டீச்சர் பொண்ணுதானே?" என்று கேட்பார். கேட்டதும் அவர் கண்ணில் ஒன்று வரும். எனக்குத் தெரியாத ஓர் அறையில் அவர் உட்கார்ந்திருந்ததை நினைத்துக்கொள்கிறார் என்று புரியும். பொறாமையில் எனக்குக் காது சுடும். எனக்குத் தெரிந்த அம்மா, விடைத்தாள் கட்டுகளுக்கு நடுவில் வெங்காயம் நறுக்குபவள். கேட்டதற்கு ஒரு வார்த்தை, கேட்காததற்கு அதுவும் இல்லை.

அவள் வகுப்பில் ஒரே ஒரு முறை உட்கார வேண்டும் என்பது சின்ன வயதிலிருந்து எனக்கு இருந்த ஆசை. மூன்று வருடத்துக்கு முன் அவள் போய்ச் சேர்ந்த பிறகு, அந்த ஆசைக்கு மிஞ்சியிருந்த ஒரே கதவு இந்தப் படம்.

படத்தின் இயக்குநர் அவளுடைய மாணவன். என்னைவிட மூன்று வயது சின்னவன், என்னை அக்கா என்பான். கேள்வி முடிவதற்குள் பதில் சொல்லிவிடும் பையன் என்பதால் அம்மா அவனை அவசரக்குடுக்கை என்றே கூப்பிடுவாளாம். அதைச் சுருக்கி நானும் குடுக்கை என்கிறேன். அவனுக்கு அதில் பெருமைதான். "டீச்சர் கையால கிடைச்ச பட்டம்க்கா" என்பான். முதல் பெஞ்சு, முதல் மார்க். டீச்சர் பற்றிப் படம் எடுக்கிறேன் என்று வந்து நின்றபோதே, "நீங்கதான் வெட்டணும். நீங்க ஒத்துக்கலன்னா படமே வேண்டாம்" என்று சொல்லிவிட்டு, நான் ஒத்துக்கொள்வதற்கு முன்பே கையைக் குலுக்கிவிட்டான்.

முன்னோட்டம் முடிந்து அரங்கு காலியானதும் நேராக என்னிடம் வந்தான்.

"எவ்ளோக்கா?"

"மொத்தம் ஐம்பத்தெட்டு. கண்ணாடிக் காட்சியில மட்டும் பதினேழு."

"ஏசி அதிகமா வெச்சிட்டாங்க."

"அந்த ரெண்டு நிமிஷத்துக்கு மட்டுமா அதிகமா வெச்சாங்க?"

அவன் தலையைச் சொறிந்துகொண்டான்.

கண்ணாடிக் காட்சி என்ன என்று சொல்லிவிடுகிறேன். அம்மா ஒவ்வொரு வருடமும் எட்டாம் வகுப்பில் ஒரு முகம் பார்க்கும் கண்ணாடியைக் கொண்டுவந்து மேசைமேல் நிறுத்தி ஒரு கேள்வி கேட்பாளாம். 'கண்ணாடியில இடது வலது மாறித் தெரியுதுன்னு சொல்றோம். அப்போ மேல கீழ ஏன் மாறல?' நல்ல கேள்வி. நீங்களும் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். எளிதில் பிடி கொடுக்காது. படத்தில் ஆசிரியை இந்தக் கேள்வியை ஒரு சிறுமியிடம் கேட்கிறார். சிறுமி விழிக்கிறாள். உடனே ஆசிரியை, "கண்ணாடி உன் வலதை இடதாக்கும். ஆனால் உன் தலையைக் கீழே தள்ள அதனால் முடியாது. உலகமும் அப்படித்தான். தலை நிமிர்ந்து நில்!" என்று ஆரம்பிக்கிறார். அப்புறம் வயலின்.

எழுதியது குடுக்கைதான். கேள்விக்கு அதில் பதில் இல்லை என்பதை அவனும் கவனிக்கவில்லை, நானும் கவனிக்கவில்லை.

ஆசிரியர் படங்களை நான் நான்கைந்து வெட்டியிருக்கிறேன். எல்லாவற்றிலும் யாருக்கும் அடங்காத ஒரு வகுப்பு இருக்கும். புதிதாக ஒருவர் வருவார். ஒருத்தன் முரண்டு பிடிப்பான். மேலிடத்தில் ஒருவர் முறைப்பார். பிறகு ஒரு பேச்சு, ஒரு பரீட்சை, கடைசியில் எல்லோரும் எழுந்து நின்று கைதட்டல். ஒன்றை எடுத்து இன்னொன்றில் ஒட்டினாலும் யாருக்கும் தெரியாது. இந்தப் படம் அப்படி ஆகிவிடக் கூடாது என்றுதான் எட்டு மாதமாக மல்லுக்கட்டுகிறேன். எங்கே இடறுகிறது என்றுதான் பிடிபடவில்லை.

"கடைசியில ஒண்ணு சேர்த்துடலாம்க்கா" என்றான் குடுக்கை. "டீச்சர் ரிட்டயர் ஆகுற அன்னைக்கு, பழைய பசங்க எல்லாரும் எந்திரிச்சு நின்னு..."

"அம்மா ரிட்டயர் ஆன அன்னைக்குப் பல் வலின்னு பாதியிலயே வீட்டுக்கு வந்துட்டாடா."

"அது சினிமாவுக்கு ஆகுமாக்கா?"

அப்போதுதான் அரங்கின் பின்வரிசையில் ஒருவர் இன்னும் உட்கார்ந்திருப்பதைப் பார்த்தேன். கனத்த உடம்பு, எண்ணெய்க் கறை படிந்த நீலச் சட்டை. குடுக்கையின் வகுப்புத் தோழர், லிஃப்ட் மெக்கானிக். வேலைக்கு நடுவில் வந்திருப்பார் போல, காலடியில் கருவிப் பை இருந்தது.

"டேய், அங்க என்னடா பண்ற? எப்படி இருந்துச்சு?" என்று குடுக்கை கத்தினான்.

"நல்லாத்தான் இருந்துச்சு."

"நெளியாம சொல்லு."

மெக்கானிக் எழுந்து மெதுவாகப் படியிறங்கி வந்தார். என்னைப் பார்த்து வணக்கம் சொன்னார். "டீச்சர் பொண்ணு முன்னாடி எப்படிடா சொல்றது. டீச்சர் இவ்ளோ பேசுவாங்களா?"

"பேசாம எப்படிடா பாடம் நடத்துவாங்க?"

"பாடம் நடத்துனாங்க. அது வேற. இந்தக் கண்ணாடிக் கேள்வி என்னைத்தான கேட்டாங்க? எனக்கு ஒண்ணும் வரல. வாய்ல ஈ போறது தெரியாம நின்னேன். டீச்சர் பேசவே இல்ல. அப்படியே திரும்பி ஜன்னல்கிட்ட போயி, வெளிய பாத்துட்டு நின்னுட்டாங்க."

"ஜன்னல்கிட்டயா?" என்று கேட்டேன். குரல் எனக்கே யாருடையதோ மாதிரி இருந்தது.

"ஆமாங்க. அவங்க வழக்கமே அதான். கேள்வி கேட்டுட்டு நம்ம மூஞ்சியவே பாத்துட்டு நின்னா நமக்கு இருக்கிற மூளையும் நின்னுடும்ல? அதனால திரும்பிக்குவாங்க. யோசிக்கிறப்ப எவ்ளோ கோணல் மூஞ்சி வேணா வெச்சுக்கலாம், யாரும் பாக்க மாட்டாங்க. இவன் கைய தூக்கிட்டுக் குதிப்பான். 'உன்னை நான் கேக்கல, அவசரக்குடுக்கை'ன்னு திரும்பாமலே சொல்வாங்க."

குடுக்கை புருவத்தைச் சுருக்கினான். "எனக்கு இது ஞாபகமே இல்லயேடா. பட்டம் குடுத்தது மட்டும்தான் ஞாபகம் இருக்கு."

"உனக்கு எப்படி இருக்கும்? உனக்காக அவங்க என்னைக்குக் காத்திருந்தாங்க? கேள்விக்குறி வைக்கிறதுக்குள்ள பதில் சொல்லிட்டு உக்காந்துடுவ. நீ பாத்த டீச்சர் வேற. எங்க கடைசி பெஞ்சு டீச்சர் வேற."

"எவ்வளவு நேரம் நிப்பாங்க?" என்றேன்.

"மணியா பாத்தேன்? வெளிய மரத்துல ஒரு காக்கா வந்து உக்காந்துச்சு, போச்சு, திரும்பி வந்துச்சு. அவ்ளோ நேரம்."

"நீங்க சொல்லலன்னா மறுபடி கேப்பாங்களா?"

"ம்ஹும். ஒரு தடவைதான். மறுபடி கேட்டா அது கேள்வி இல்ல, விரட்டுறதும்பாங்க. எனக்கு அன்னைக்கு வரவே இல்ல, பெல் அடிச்சிருச்சு. தப்பிச்சோம்டா சாமின்னு ஓடிட்டேன். மறுநாள் வந்தாங்க. ஒண்ணும் கேக்கல. நேரா அதே ஜன்னல்கிட்ட போயி நின்னுட்டாங்க." மெக்கானிக் சிரித்தார். சிரிப்பு பாதியில் நின்று கண் வேறெங்கோ போயிற்று. நான் செருப்புக் கடையிலும் பாங்கிலும் பார்த்த அதே பார்வை. "அன்னைக்குத்தான் சொன்னேன். சொன்னதும் திரும்பி ஒரு பார்வை பாத்தாங்க பாருங்க. அதுக்கு அப்புறம் எனக்கு யாரும் ஒண்ணும் சொல்லித்தர வேண்டி வரல. மெஷினப் பிரிச்சுப் போட்டுட்டு, பிடிபடுற வரைக்கும் நானே நின்னுக்குவேன்."

பையை எடுத்துத் தோளில் மாட்டிக்கொண்டார். "நடிக்கிற மேடம் வீடு தேடி வந்தாங்களே, அவங்ககிட்ட இதெல்லாம் சொன்னேன். நோட்டுல எழுதிக்கிட்டாங்க. அதை எடுக்கலையாடா?"

"அப்படி எதுவும் எடுக்கல" என்றான் குடுக்கை.

அதன்பின் அவர்கள் பேசிக்கொண்டது என் காதில் விழவில்லை.

எங்கள் வீட்டுச் சமையலறையிலும் ஒரு ஜன்னல் உண்டு. குழாய்க்கு மேலே இருக்கும். வெளியே பக்கத்து வீட்டின் துணிக்கொடி தெரியும். எனக்குப் பத்தொன்பது வயதில், கல்லூரியை நடுவில் விட்டுவிட்டு ஒரு மத்தியான நேரம் பெட்டியோடு வந்து அந்தச் சமையலறையில் நின்றேன். அம்மாவுக்கு அன்று விடுமுறை. பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தாள். "இனிமே போகலம்மா" என்றேன். அவள் குழாயை மூடினாள்.

"ஏன்?" என்றாள்.

எனக்கு வாய் வரவில்லை. பதில் இருந்தது, ஆனால் அதைச் சொல்லும் வழி தெரியவில்லை. அம்மா ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு, திரும்பி ஜன்னல் வழியே துணிக்கொடியைப் பார்த்து நின்றுவிட்டாள். முதுகுதான் தெரிந்தது. ஒரு பச்சைத் துண்டு காற்றில் ஆடிக்கொண்டிருந்தது. என் முகத்தைப் பார்க்கக்கூடப் பிடிக்கவில்லை இவளுக்கு என்று நினைத்தேன். பெட்டியைத் தூக்கிக்கொண்டு வெளியே வந்துவிட்டேன். ஒரு தோழி வீட்டில் தங்கி, அவள் மாமா வைத்திருந்த எடிட்டிங் அறையில் வேலைக்குச் சேர்ந்தேன்.

பிறகு சண்டை எதுவும் இல்லை. அம்மா ஞாயிற்றுக்கிழமைகளில் போன் செய்வாள். சாப்பிட்டியா, உடம்பு எப்படி, அங்கே மழையா. அந்த 'ஏன்' மட்டும் மறுபடி வரவே இல்லை. அவளுக்கு அக்கறை இல்லை என்று வைத்துக்கொண்டேன். பேச விஷயம் தீர்ந்த பிறகும் அவள் போனை வைக்க மாட்டாள். மறுமுனை சும்மாவே இருக்கும். எனக்கு அது தாங்காது. "சரிம்மா, வெச்சுடறேன்" என்று நானே வைத்துவிடுவேன். இருபது வருடத்துக்கும் மேல், வாராவாரம்.

மறுநாள் காலை எட்டு மணிக்கு எடிட்டிங் அறையைத் திறந்தேன்.

ஒரு காட்சியை எத்தனை முறை எடுத்தாலும் ஒவ்வொரு முறைக்கும் ஓர் எண் உண்டு, அதற்கு டேக் என்று பெயர். உதவி இயக்குநர் ஒருவர் பக்கத்திலேயே உட்கார்ந்து ஒவ்வொரு டேக்குக்கும் ஒரு வரி எழுதுவார். 'நன்று.' 'ஃபோகஸ் போச்சு.' 'வெளியே சத்தம்.' இந்தத் தாள் எங்களிடம் வரும். இரண்டு மணி நேரப் படத்துக்கு எழுபது எண்பது மணி நேரம் எடுத்துக் குவித்திருப்பார்கள். அத்தனையையும் முழுக்கப் பார்த்தால் ஆயுசு போதாது. அதனால் 'நன்று' என்றிருப்பதை முதலில் திறப்போம், 'வேண்டாம்' என்றிருப்பதைத் தொடவே மாட்டோம். இது சோம்பல் இல்லை, முறை. எல்லா எடிட்டிங் அறையிலும் இதுதான் முறை.

கண்ணாடிக் காட்சிக்கு ஒன்பது டேக். ஒன்பதாவதற்கு நேரே எழுதியிருந்தது: 'நடிகை வசனம் மறந்துவிட்டார். வேண்டாம்.'

திறந்தேன்.

நடிகை கேள்வியைக் கேட்கிறார். சிறுமி விழிக்கிறாள். நடிகை வாயைத் திறக்கவில்லை. சாக்பீஸைக் கையில் வைத்தபடி திரும்பி ஜன்னலிடம் போகிறார். நிற்கிறார். ஐந்து நொடி. பத்து நொடி. எங்கோ ஜெனரேட்டர் உறுமிக்கொண்டிருக்கிறது. குடுக்கையின் குரல் தூரத்தில், "அந்தச் சனியனை முதல்ல நிறுத்துங்கய்யா!" என்று கேட்கிறது. அவன் அந்த நேரம் ஜெனரேட்டர்காரரோடு சண்டைக்குப் போயிருக்கிறான். இயக்குநர் 'கட்' சொல்லாமல் கேமராவை நிறுத்தக் கூடாது என்பது சட்டம். சொல்ல ஆள் இல்லை. கேமரா ஓடுகிறது.

ஜெனரேட்டர் நிற்கிறது. அறை சட்டென்று அமைதியாகிறது.

சிறுமிக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை. முதலில் கேமராவைப் பார்க்கிறாள். பக்கத்துப் பெஞ்சைப் பார்க்கிறாள். நடிகையின் முதுகைப் பார்க்கிறாள். பிறகு வேறு வழியில்லாமல், மேசைமேல் இருந்த கண்ணாடியைப் பார்க்கிறாள். எட்டு டேக்காக அதே கேள்வியைக் கேட்டுக் கேட்டு அவளுக்கும் அது உள்ளே போய்விட்டிருக்க வேண்டும். ஒரு கையைத் தூக்குகிறாள். இறக்குகிறாள். மற்ற கை. மூக்கைச் சுளித்து, நாக்கை ஓரமாக நீட்டிக்கொண்டு, கழுத்தைச் சாய்த்துப் பார்க்கிறாள். அது நடிப்பு இல்லை. அப்படி யாராலும் நடிக்க முடியாது.

ஐம்பத்திரண்டாவது நொடியில் பேசினாள்.

"மாறவே இல்லயே மேடம். இந்தப் பக்கக் கையைத் தூக்கினா இந்தப் பக்கம்தான் தூக்குது. நான் அந்தப் பக்கம் பாக்குறேன், அது இந்தப் பக்கம் பாக்குது. முன்னாடிதான் பின்னாடியா ஆயிருக்கு."

நடிகை திரும்பிப் பார்த்தார்.

நான் படத்தை நிறுத்திவிட்டு நடிகைக்குப் போன் போட்டேன். "அந்த ஒன்பதாவது டேக்ல வசனம் மறந்துட்டீங்களா?"

"மறக்கலையே" என்றார். "எட்டு டேக் டைரக்டருக்குக் குடுத்தேன். ஒண்ணு டீச்சருக்குக் குடுத்தேன்."

"யார்கிட்டயும் சொல்லலையே நீங்க."

"டைரக்டர்கிட்ட சொன்னா வேண்டாம்பார்னு விட்டுட்டேன். எப்படியும் எடிட்டர் பாப்பாங்கல்ல?"

அவர் பிழை ஒன்றும் இல்லை. இடைவெளிகளைக் கண்டால் எடுத்துவிடுவது என் தொழில். ஒரு முகத்தைக் காட்டினால் பார்ப்பவருக்கு அதைப் புரிந்துகொள்ள ஒன்றரை நொடி போதும். அதற்குமேல் விட்டால் 'அப்புறம்?' என்று கேட்கத் தொடங்கிவிடுவார். அந்த 'அப்புறம்?' வருவதற்குள் அடுத்ததைக் கொடுத்துவிட வேண்டும். கேள்விக்கும் பதிலுக்கும் நடுவில் இருப்பதையெல்லாம் இருபது வருடமாகக் கத்தரித்துக் கத்தரித்துக் குப்பையில் போட்டிருக்கிறேன். இந்தப் படத்திலும் அப்படித்தான். அம்மா இருந்தது அந்தக் குப்பையில்.

மறுபடி முதலிலிருந்து ஓடவிட்டேன். இந்த முறை சிறுமியைப் பார்க்கவில்லை. ஜன்னலோரம் நிற்கும் முதுகை மட்டும் பார்த்தேன். நடிகை அம்மாவைவிட உயரம், தோளும் அகலம். ஆனால் நின்ற விதம் அதுதான். என்னால் உட்கார முடியாமல் போன ஒரு நொடி வந்தது. கை தானாகப் பொத்தானை அழுத்திவிட்டது. முப்பத்தொன்று. நொடிகளோடே குடித்தனம் நடத்துகிறவளுக்கு இந்த அளவு தப்பாது. அன்று சமையலறையில் அம்மா திரும்பி நின்று அத்தனை நொடியில்தான் நான் பெட்டியைத் தூக்கினேன். அந்த இடத்தில் ஒரு சிவப்புக் குறி போட்டேன். சிறுமி பேசியது அதற்கு இருபத்தொரு நொடி கழித்து.

குடுக்கை பதினோரு மணிக்குத்தான் வந்தான். விஷயத்தைச் சொன்னதும் நாற்காலியில் உட்காராமலே பேச ஆரம்பித்தான்.

"ஐம்பத்திரண்டு செகண்டா? யாரும் பேசாமலா? முதுகைக் காட்டிக்கிட்டா? அக்கா, தியேட்டர்ல ஜனம் எந்திரிச்சுப் போயி டீ குடிச்சிட்டு வந்துடும்."

"பேச்சுக்குப் பதினேழு பேர் இருமினாங்க."

"அது சரி. ஆனா டீச்சர் படத்துல டீச்சர் ஒண்ணுமே சொல்லலன்னா, பின்ன அவங்க எதுக்கு?"

"சொல்றதைத்தான் எல்லாப் படத்துலயும் காட்டுறாங்களேடா. டீச்சர் சொல்லாதப்போ பிள்ளைக்குள்ள என்ன நடக்குதுன்னு எவன் காட்டியிருக்கான்? அதைக் காட்டினா இது அம்மா படம். இல்லன்னா எந்த டீச்சர் பேரை வெச்சாலும் ஒண்ணுதான்."

"அந்தக் குட்டிப் பொண்ணு மேடம்ங்கிறா. டீச்சர்னு கூடச் சொல்லல."

"சொல்லட்டும்."

"வயலினை என்ன பண்றது? நாலு நாள் வாசிச்சிருக்காங்க, திட்டுவாங்க."

"திட்டட்டும். நீ முதல்ல உக்காரு. ஒரு தடவை பாரு. நடுவுல வாயைத் திறக்காத."

உட்கார்ந்தான். விளக்கை அணைத்துவிட்டு ஓடவிட்டேன். பத்தாவது நொடியில் அவன் கால் ஆட ஆரம்பித்தது. பதினைந்தில் என் பக்கம் திரும்பினான். நான் திரும்பவில்லை. இருபதில் கால் நின்றது. அதன்பின் அவன் மூச்சுச் சத்தம் மட்டும்தான் கேட்டது. சிறுமி பேசி முடித்ததும் அவன் சொன்னது ஒன்றே ஒன்று.

"கடைசி பெஞ்சுக்காரனுங்களுக்கு இதையா குடுத்தாங்க, டீச்சர்?"

அவன் முகத்தில் இருந்தது என்ன என்று எனக்கு உடனே தெரிந்தது. செருப்புக் கடையில் என் காதைச் சுடவைத்த அதே பொறாமை. முதல் பெஞ்சில் உட்கார்ந்தவனுக்கும் அந்தக் காத்திருப்பு கிடைக்கவில்லை.

பேச்சை எடுத்துவிட்டோம். வயலின்காரர்கள் திட்டினார்கள். இரண்டு வாரம் கழித்து வேறு நாற்பது பேரைக் கூட்டி மறுபடி முன்னோட்டம் வைத்தோம். அந்த ஐம்பத்திரண்டு நொடியில் எத்தனை இருமல் என்று கேட்பீர்கள். ஒன்று. அதுவும் என்னுடையது. முதல் முறையாகத் திரையைப் பார்த்து உட்கார்ந்திருந்தேன், அழுகையை இருமி மறைத்தேன்.

ஆனால் நான் சொல்ல வந்தது அதை இல்லை. குடுக்கை அந்த டேக்கைப் பார்த்த அன்றைக்கே நடந்ததை.

அவன் எழுந்து விளக்கைப் போட்டான். திரையின் கீழே ஓடும் நீளக் கோட்டில் என் சிவப்புக் குறியைப் பார்த்துவிட்டு விரலால் தொட்டான்.

"இது என்னக்கா, முப்பத்தொண்ணுல? இங்கயா வெட்டணும்?"

"வேண்டாம். ஒரு ஃபிரேம்கூட எடுக்க வேண்டாம்."

"பின்ன எதுக்குக் குறி?"

"அங்கதான் நான் எந்திரிச்சுப் போனேன்."

"எங்கேர்ந்து?"

"வீட்லேர்ந்து. காலேஜை விட்டுட்டு வந்து நின்ன அன்னைக்கு. அம்மா ஜன்னல்கிட்ட திரும்பி நின்னுட்டா."

அவன் என்னைப் பார்த்தான். வாய் தானாகத் திறந்தது, அவசரக்குடுக்கைக்கு அது பழக்கம்.

"ஏன் விட்டீங்க?"

கேட்டுவிட்டு அடுத்த வார்த்தைக்கு மூச்சு எடுத்தவன், அப்படியே நிறுத்திக்கொண்டான். 'பிடிக்கலையா?', 'பீஸ் கட்ட முடியலையா?', 'எவனாவது தொந்தரவு பண்ணானா?' என்று நாலைந்து பதில்களை அவனே எடுத்துக் கொடுத்திருப்பான், இன்னொரு நாளாக இருந்தால். உதட்டைக் கடித்துக்கொண்டு நாற்காலியைத் திருப்பினான்.

எடிட்டிங் அறைக்கு ஜன்னல் கிடையாது. வெளிச்சமும் சத்தமும் வரக் கூடாது என்று நான்கு பக்கமும் கறுப்புப் பஞ்சுப் பலகை அடித்திருக்கும். அவன் அந்தப் பலகையைப் பார்த்து உட்கார்ந்தான். முதுகும், சரியாக மடிக்காத காலரும் மட்டும் தெரிந்தன.

மின்விசிறி சுற்றியது. எனக்குப் பக்கத்தில் என் பை இருந்தது. எடுத்துக்கொண்டு டீ குடிக்கப் போகலாம் என்று தோன்றியது. முப்பத்தொன்று தாண்டியிருக்கும். அவன் கால் ஆடத் தொடங்கியது. கையால் முட்டியை அழுத்திப் பிடித்து நிறுத்திக்கொண்டான்.

என் முகம் எப்படிக் கோணிக்கொண்டிருந்தது என்று எனக்குத் தெரியாது. யாரும் பார்க்கவில்லை.

"எந்தக் கிளாஸ்ல போயி உக்காந்தாலும்," என்றேன், "இந்த நேரத்துக்கு அம்மா வேற யாருக்கோ பாடம் எடுத்துட்டு இருப்பாளேன்னுதான் ஓடும். அவ கிளாஸ்ல உக்காராம என்னால வேற எந்தக் கிளாஸ்லயும் உக்கார முடியலடா."

அவன் திரும்பவில்லை. இன்னும் ஏதாவது மிச்சம் இருக்குமோ என்று, சுவரைப் பார்த்தபடியே உட்கார்ந்திருந்தான்.